ஆறு முளைகள்

இந்தப் பக்கம் ஊர்ப் பெயர்கூட இரவல்தான்.
கிழக்கே போனால் டிராய், மேற்கே இதாகா,
நடுவில் பூட்டிக் கிடக்கும் ஒரு தக்காளி டப்பா ஆலை,
அதைத் தாண்டி வ்ரோமன் வீடு.

முகப்பில் நான்கு தூண்.
நெடுஞ்சாலையில் போகும் லாரிக்காரனுக்குப் பளிங்கு.
கிட்டே வந்து விரல்கணுவால் தட்டினால்
டொக்கென்று காலி.
பைன் பலகைகளைப் பீப்பாய்போல் வளைத்துச் சேர்த்து
வெள்ளை அடித்திருக்கிறான் எவனோ,
கால்வாயில் போன கோதுமை
காசாகத் திரும்பி வந்த வருஷம்.
ஏதென்ஸை அவன் கண்டதில்லை.
மழையில் ஊறி உப்பிய மாதிரிப் புத்தகம் ஒன்றும்
மாட்டுக் கொட்டகை கட்டிப் பழகிய கையும் இருந்தன.
வீட்டின் பின்பக்கம் இன்றைக்கும் கொட்டகைதான்.
விருந்தாளி முன்வாசல் வழியாகத்தானே வருவான்.

நான் லோர்னா விஸ்லோக்கி. தச்சு.
கூரை விளிம்புக்குக் கீழே உளுத்த பலகை மாற்ற வந்தேன்.
ஏணியின் மேல்படியில் முகத்துக்கு நேரே
மூன்று வரி கீறிய பட்டை,
அதன் அடியில் வரிசையாகக் கட்டைவிரல் பருமனில்
ஆறு முளைகள்.

எதையும் பிடிக்காத முளைகள்.

எனக்கு அப்படிப்பட்டவற்றின் மேல் கோபம் வரும்.
திறக்காத ஜன்னல், எரியாத கணப்பு,
புத்தகம் போல வெட்டிய வெறும் அட்டை.
எம்மெட் கீழிருந்து கத்தினான்:
'பிடுங்கிப் போடு, யார் பார்க்கப் போகிறார்கள்?'

ஆனால் கேள்.
கிரேக்கர்கள் கல்லுக்கு வரும் முன்னால்
கோயிலை மரத்தில்தான் கட்டினார்களாம்.
உத்தரத்தின் நுனி வெளியே தெரியும்,
அதன் மேல் ஒரு பட்டை, அது நழுவாமல் கீழே முளை.
பிறகு கல் வந்தது.
கல்லுக்கு முளை எதற்கு?
என்றாலும் சிற்பி அதைச் செதுக்கினான்,
காலை இழந்தவன்
இல்லாத கட்டைவிரலைச் சொறிவது போல.
ஏட்டில் அவற்றுக்குத் துளிகள் என்று பெயர்,
பழைய வேலையை மறைக்க
யாரோ வைத்த நல்ல பெயர்.

அந்தக் கல் காகிதமாகி, காகிதம் கப்பலேறி,
இங்கே ஒரு கோதுமைக்காரன் கையில்
மறுபடி மரமாயிற்று.
மரத்தைப் பார்த்துக் கல்,
கல்லைப் பார்த்து மரம்.
எது எதன் பிள்ளை என்று
ஏணியில் நின்றுகொண்டு யார் கணக்குப் பார்ப்பது?

குறடால் பிடித்து இழுத்தேன்.
ஒன்று, ஈரமாய் உதிர்ந்தது.
இரண்டு, மூன்று, நான்கு,
தேன்கூட்டு மெழுகு போல, வலிக்காமல்.
ஆறாவதும் வந்தது.

ஐந்தாவது வரவில்லை.

முறுக்கினேன். பலகைதான் முனகியது.
ரம்பத்தை உள்ளே விட்டுப் பார்த்தால்
ஒரு சாண் நீளம், ஓக் மரம்,
பட்டையைத் துளைத்து, பலகையைத் துளைத்து
உத்தரத்தில் இறங்கியிருக்கிறது.
நூற்றெண்பது பனிக்காலமாக
முகப்பின் அந்த மூலையை அது ஒன்றே
தூக்கிக்கொண்டு நின்றிருக்கிறது.

வேண்டுமென்றே செய்தானா?
ஆணி தீர்ந்துபோன ஒரு சாயங்காலமா?
அவனுக்குள் இருந்த கொட்டகைக்காரன்
புத்தகத்தை ஒரு நிமிஷம் மூடி வைத்தானா?
எம்மெட்டிடம் சொன்னேன். 'ஹும்' என்றான்.
அவன் அகராதியில் அது பெரிய பாராட்டு.

மற்ற ஐந்தையும் கடைசலில் போட்டுப் புதிதாக எடுத்தேன்.
இரண்டாவது பிளந்தது. பசை வைத்து நூல் கட்டினேன்.
பொய்யைச் செய்யவும் அதே நேரம்தான் பிடிக்கிறது.

வியாழன் மழை.
வெள்ளி, சாயம் இரண்டு கை.
ரசீதில் எழுதினேன்:
முளை, ஆறு. அதில் வேலை செய்வது, ஒன்று.

ஹேஸ்கெல் வ்ரோமன் கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றி
இரண்டு தடவை படித்தார்.
முற்றத்துக்கு இறங்கி, தலையை அண்ணாந்து,
'எது?' என்றார்.

கீழிருந்து எல்லாம் வெள்ளையாக இருந்தன.
இந்தப் பக்கத்திலிருந்து எண்ண வேண்டுமா,
அந்தப் பக்கத்திலிருந்தா என்று
எனக்கும் சட்டென மறந்துபோயிற்று.